ஆவடி வட்டாரத்தில் பால்தொழில் பயிற்சியின் வரலாறு

சென்னையின் வடமேற்குப் புறநகர்களான மாதவரம், அம்பத்தூர், ஆவடி, அலமாதி, கோடுவெளி ஆகிய ஊர்கள் 1950களிலிருந்து தமிழ்நாட்டின் பால்தொழிலுக்கு ஆள்களை உருவாக்கிய பகுதிகளுள் ஒன்று. கறவை மாடு வளர்ப்போர், கூட்டுறவு சங்கப் பணியாளர், ஆலைத் தொழிலாளர், பால்வளத் தொழில்நுட்பப் பட்டதாரிகள் எனப் பல நிலையினர் இங்கே தொழில் கற்றனர். கற்ற தொழிலை விட்டு வேறொன்றைக் கற்க வேண்டிய நிலையும் பலருக்கு வந்தது. ஆவடி என்றதும் 1955 காங்கிரஸ் மாநாடும் கனரக வாகனத் தொழிற்சாலையும் நினைவுக்கு வருகின்றன. அதே ஊரை ஒட்டி எருமைப் பண்ணையும் தீவனப்புல் நிலையமும் பால்வளக் கல்லூரியும் இருப்பது அவ்வளவாக அறியப்படாதது.

நிறுவனப் பயிற்சிக்கு முன்

இருபதாம் நூற்றாண்டின் முற்பாதியில் சென்னை நகரின் பால் பெரும்பாலும் நகருக்குள்ளேயே கறக்கப்பட்டது. பால்காரர் மாட்டை வீட்டு வாசலுக்கு ஓட்டி வந்து வாங்குபவரின் கண்ணெதிரே கறந்து கொடுப்பது வழக்கம். கன்று இறந்த மாட்டுக்குப் பால் சுரக்க, தோலில் வைக்கோல் அடைத்த கன்றை முன்னே நிறுத்துவதும் உண்டு. மாட்டின் குணம் அறிதல், மடியைத் தடவிப் பால் இறங்கச் செய்தல், சினைப்பருவம் கண்டறிதல், நோய்க்குக் கைமருந்து கொடுத்தல் ஆகிய அனைத்தும் தந்தையிடமிருந்து மகனுக்கும் மாமியாரிடமிருந்து மருமகளுக்கும் வந்த அறிவு. இதற்குப் பள்ளியோ சான்றிதழோ இல்லை. வாங்குபவரும் சான்றிதழ் கேட்கவில்லை. கண்ணால் பார்த்ததே அவருக்குப் போதுமான உறுதி.

முறையான பால்வளக் கல்வி தென்னிந்தியாவில் பெங்களூரில் தொடங்கியது. 1923இல் அங்கு நிறுவப்பட்ட இம்பீரியல் கால்நடை வளர்ப்பு மற்றும் பால்வள நிறுவனம் இந்தியப் பால்வளப் பட்டயப் படிப்பை நடத்தியது. 1927இல் காந்தி இங்கு சில நாட்கள் கால்நடைப் பராமரிப்பு கற்றார். சென்னை லயோலா கல்லூரியிலும் கிண்டி பொறியியல் கல்லூரியிலும் படித்த வர்கீஸ் குரியன், அரசு உதவித்தொகையில் அமெரிக்காவின் மிச்சிகனுக்குச் செல்லும் முன் பயிற்சிக்காக அனுப்பப்பட்ட இடமும் இதுவே. 1955இல் நிறுவனத்தின் தலைமையிடம் ஹரியானாவின் கர்னாலுக்கு மாறித் தேசியப் பால்வள ஆராய்ச்சி நிறுவனம் ஆனது. பெங்களூர் அதன் தெற்கு மண்டல நிலையமாகத் தொடர்ந்தது. அங்கே பட்டயம் பெற்றவர்கள் மேற்பார்வையாளராகவும் ஆலை மேலாளராகவும் சென்றனர். மாடு கறப்பவருக்கு அந்தப் படிப்பில் இடமில்லை. கறவைத் தொழிலும் பால்வளத் தொழில்நுட்பமும் இரண்டு தனித் தொழில்களாகப் பிரிந்தது இக்காலத்தில்தான்.

மாதவரம் பால்பண்ணை

நகருக்குள் மாட்டுக் கொட்டில்கள் பெருகியதால் சாணம், கழிவுநீர், ஈ, தீவனப் பற்றாக்குறை ஆகிய சிக்கல்கள் எழுந்தன. பம்பாயில் இதற்குத் தீர்வாக ஆரே பால் குடியிருப்பு அமைக்கப்பட்டது. நகரக் கறவை மாடுகளை வெளியே ஒரே இடத்தில் வைத்து, பாலைச் சேகரித்துப் பதப்படுத்தி நகருக்கு அனுப்புவது அதன் முறை. சென்னையில் 1950களில் மாதவரத்தில் உருவான பால்பண்ணைக் குடியிருப்பும் இதே நோக்கம் கொண்டது. அப்பகுதி இன்றும் மாதவரம் பால்பண்ணை என்றே வழங்கப்படுகிறது.

மாட்டுக்காரருக்கு இது இடமாற்றமாக மட்டும் அமையவில்லை. நகரத்தில் அவர் கறப்பவர், விற்பவர், கணக்குப் பார்ப்பவர் என மூன்று வேலைகளையும் தாமே செய்தார். குடியிருப்பு முறையில் விற்பனை அவர் கையை விட்டுப் போனது. வாடிக்கையாளரைத் தக்கவைக்கும் திறமை, பேச்சு, கடன் கொடுத்து வாங்கும் பழக்கம் ஆகியவற்றுக்கு மதிப்பு குறைந்தது. கொட்டில் சுத்தம், குறித்த நேரத்தில் கறவை, பாலைச் சோதனைக்குக் கொடுத்தல் ஆகியவை புதிய தேவைகளாயின.

தமிழ்நாட்டில் பால்வளத் துறை 1958இல் தனித் துறையாக உருவானது. பின்னர் மாதவரத்தில் பால் பதன ஆலை இயங்கத் தொடங்கியபோது அதுவரை இல்லாத பல வேலைகள் தோன்றின. பால் வரவேற்புப் பகுதியில் ஒவ்வொரு கேனையும் திறந்து முகர்ந்து பார்த்துத் தரம் சொல்பவர், சோதனைக்கூட உதவியாளர், கொதிகலன் இயக்குநர், குளிர்பதன இயந்திரம் பார்ப்பவர், புட்டி கழுவுபவர், மூடி பொருத்தும் இயந்திரத்தில் நிற்பவர் என வேலை பல கூறுகளானது. இவற்றுக்கு வந்தவர்கள் பெரும்பாலும் மாடு வளர்ப்போர் அல்லர். பால்தொழிலில் புதிய வேலைகள் உருவான அதே இடத்தில் பழைய தொழிலாளி அவற்றுக்கு வெளியே நின்றார்.

அமிலமும் அளவுகோலும்: பால் பரிசோதகர்

கிராமங்களிலிருந்து பால் வாங்கத் தொடங்கியதும் மிக முக்கியமான பணியாளராக எழுந்தவர் பால் பரிசோதகர். அளவை மட்டும் பார்த்து விலை கொடுத்தால் தண்ணீர் கலப்பவருக்கே லாபம். ஆகவே கொழுப்புச் சத்து, கொழுப்பற்ற திடச்சத்து ஆகிய இரண்டையும் அளந்து விலை நிர்ணயிக்கும் முறை வந்தது. இதற்குப் பயன்பட்டது சுவிட்சர்லாந்தின் நிக்லாஸ் கெர்பர் 1890களில் உருவாக்கிய சோதனை.

இச்சோதனையைக் கற்பிப்பதே சங்கப் பணியாளர் பயிற்சியின் மையமாக இருந்தது. பியூட்டிரோமீட்டர் எனப்படும் கண்ணாடிக் குழாயில் முதலில் 10 மில்லி கந்தக அமிலம் ஊற்ற வேண்டும். அடுத்து 10.75 மில்லி பாலைக் குழாயின் உட்சுவர் ஓரமாக மெதுவாக இறக்க வேண்டும். பின் 1 மில்லி அமைல் ஆல்கஹால் சேர்த்து, அடைப்பானை இறுக்கி, குலுக்கி, சுழல் இயந்திரத்தில் சில நிமிடங்கள் சுற்ற வேண்டும். கொழுப்பு பிரிந்து மேலே மஞ்சள் நிறப் பட்டையாக நிற்கும். 65 டிகிரி வெந்நீரில் வைத்தெடுத்து அளவுகோட்டில் படிக்க வேண்டும். பாலை வேகமாக ஊற்றினால் அமிலத்தோடு கலந்து கருகிவிடும். அடைப்பான் தளர்ந்தால் சூடான அமிலம் கையிலும் முகத்திலும் தெறிக்கும். பட்டையின் அடிக்கோட்டைச் சரியாகப் பொருத்தாமல் படித்தால் சொல்லும் எண் தவறாகும்.

பத்தாம் வகுப்பு வரை படித்த கிராமத்து இளைஞருக்கு இது வேதியியல் பாடமும் நீதிபதி வேலையும் சேர்ந்தது. அவர் படிக்கும் எண்ணில் ஒரு புள்ளி கூடுவதும் குறைவதும் ஒரு குடும்பத்தின் அன்றைய வருமானத்தைத் தொட்டது. உறவினர், சாதிக்காரர், கடன் கொடுத்தவர் ஆகியோரின் பாலையும் அவரே சோதிக்க வேண்டும். கருவியைக் கையாளச் சில நாட்களில் கற்றுக்கொள்ளலாம். ஊரார் நடுவே எண்ணைக் கூட்டாமல் குறைக்காமல் சொல்லும் பழக்கத்துக்கு நீண்ட காலம் பிடித்தது. கூட்டுறவு சங்கங்கள் நிலைப்பதும் சரிவதும் இந்த நம்பிக்கையைப் பொறுத்தே அமைந்தது.

ஆனந்த் முறையும் பயிற்சி அமைப்பும்

1949இல் குஜராத்தின் ஆனந்துக்கு வந்த குரியன், கைரா மாவட்டக் கூட்டுறவை வளர்த்தெடுத்தார். எருமைப் பாலிலிருந்து பால்பொடி தயாரிக்கும் தொழில்நுட்பத்தை எச்.எம். தலாயா அங்கே நடைமுறைக்குக் கொண்டுவந்தார். அந்த அனுபவத்தை நாடு முழுவதும் பரப்ப 1965இல் தேசியப் பால்வள மேம்பாட்டு வாரியம் உருவானது. 1970இல் தொடங்கிய ஆபரேஷன் பிளட் திட்டம் 1996 வரை மூன்று கட்டங்களாக நடந்தது. அதன் முதல் கட்டம் கிராமப் பாலை பம்பாய், கல்கத்தா, டெல்லி, சென்னை ஆகிய நான்கு பெருநகரங்களோடு இணைத்தது.

இத்திட்டத்தின் பயிற்சி முறை தனித்தன்மை கொண்டது. கால்நடை மருத்துவர், பொறியாளர், கூட்டுறவு அமைப்பாளர் போன்றோர் அடங்கிய முன்னணிக் குழு ஒன்றை வாரியம் மாவட்டத்துக்கு அனுப்பும். அக்குழு ஊர் ஊராகச் சென்று சங்கங்களைத் தொடங்கும். அதே வேளையில் உள்ளூரில் இணைக் குழு ஒன்று தேர்ந்தெடுக்கப்பட்டு ஆனந்தில் பயிற்சி பெறும். பின்னர் உள்ளூர்க் குழு பொறுப்பேற்க, வந்த குழு விலகிவிடும். பால் ஊற்றும் விவசாயிகளும் ஆனந்துக்கு அழைத்துச் செல்லப்பட்டனர். தங்களைப் போன்ற ஒருவர் சங்கத் தலைவராக அமர்ந்து கணக்குக் கேட்பதை நேரில் பார்ப்பதே அவர்களுக்கான பாடம். தென்மாநிலங்களுக்காக ஈரோட்டில் வாரியத்தின் மண்டலப் பயிற்சி மையம் அமைந்தது. சங்கச் செயலாளர், சினை ஊசி போடுபவர், ஒன்றிய அலுவலர் எனப் பலரும் அங்கே பயிற்சிக்குச் சென்றனர்.

தமிழ்நாட்டில் பால்வளத் துறையின் வணிகப் பணிகள் 1972இல் தமிழ்நாடு பால்வள மேம்பாட்டுக் கழகத்துக்கும், 1981இல் தமிழ்நாடு கூட்டுறவு பால் உற்பத்தியாளர்கள் இணையத்துக்கும் மாறின. ஆவின் என்ற பெயரில் மக்கள் அறிவது இந்த இணையத்தையே. துறையின் பணி கழகத்தின் பணியாகவும், பிறகு கூட்டுறவின் பணியாகவும் ஆனது. ஆணைக்குக் கட்டுப்பட்டு இயங்கும் பழக்கம் உறுப்பினருக்குப் பதில் சொல்லும் பழக்கமாக மாற வேண்டியிருந்தது. வகுப்பறையில் கற்பிக்க இயலாத மறுபயிற்சி இது.

அம்பத்தூர் ஆலையும் தொழிலாளர் திறனும்

நகரின் தேவை வளர்ந்தபோது மாதவரத்தை அடுத்து அம்பத்தூரிலும், பிறகு சோழிங்கநல்லூரிலும் பால் ஆலைகள் எழுந்தன. அம்பத்தூர் 1960களிலிருந்தே தொழிற்பேட்டையாக வளர்ந்த ஊர். கடைசல், வெல்டிங், மின்பணி தெரிந்த ஐ.டி.ஐ. இளைஞர்கள் அங்கு நிறைந்திருந்தனர். இதனால் பால் ஆலைக்குத் தேவையான இயந்திரத் திறன் வட்டாரத்திலேயே கிடைத்தது. அவர்களுக்குப் புதிதாகக் கற்பிக்க வேண்டியிருந்தது பாலைப் பற்றி.

இயந்திரத் தொழிற்சாலையில் ஒரு பாகம் பிழையானால் அதை ஒதுக்கி வைக்கலாம். பால் காத்திருக்காது. தொடர் பதன முறையில் பால் 72 டிகிரி வெப்பத்தில் குறைந்தது 15 விநாடி இருந்து, உடனே 4 டிகிரி அளவுக்குக் குளிர்விக்கப்படுகிறது. வெப்பம் குறைந்தால் திருப்பு வால்வு தானே திறந்து பாலை மீண்டும் தொடக்கத் தொட்டிக்கு அனுப்பிவிடும். இந்த வால்வு ஏன் இருக்கிறது என்பதை அறியாத பணியாளர், உற்பத்தி தடைபடுகிறதே என்று அதைத் தொந்தரவாகக் கருதக்கூடும். அறிந்தவருக்கு அது ஊரின் குழந்தைகளைக் காக்கும் காவல். ஆலைப் பயிற்சியில் பொத்தான்களின் வரிசையை விட இத்தகைய காரணங்களைப் புரிய வைப்பதே கடினமான பகுதி.

குழாய்களைக் கழற்றாமல் உள்ளேயே காரமும் அமிலமும் சுடுநீரும் ஓடவிட்டுச் சுத்தம் செய்யும் முறை வந்தபோது, தூரிகையால் தேய்த்துக் கழுவிய கைவேலை குறைந்தது. கரைசலின் செறிவு, வெப்பம், நேரம் ஆகியவற்றைக் கணிக்கும் அறிவு அதன் இடத்தைப் பிடித்தது. அம்மோனியா குளிர்பதன அறையில் வாயு கசிந்தால் எப்படி வெளியேறுவது, எந்த வால்வை மூடுவது என்பது தனிப் பயிற்சி. கொதிகலனை இயக்கச் சட்டப்படி தகுதிச் சான்று வேண்டும். கண்ணாடிப் புட்டி போய் பாலிதீன் பாக்கெட் வந்தபோது புட்டி கழுவும் பகுதியே மறைந்தது. பாக்கெட் நிரப்பும் இயந்திரத்தில் படச்சுருள் மாற்றுவது, ஒட்டுச் சூட்டைச் சரிசெய்வது, கசியும் பாக்கெட்டைப் பிரிப்பது ஆகியவை புதிய வேலைகளாயின. நீலம், பச்சை, ஆரஞ்சு நிறப் பாக்கெட்டுகளுக்கு முறையே 3, 4.5, 6 சதவீதக் கொழுப்பு என்று பாலைத் தரப்படுத்தும் கணக்கும் ஆலைப் பணியாளர் அறிய வேண்டியதாயிற்று.

அலமாதியும் கோடுவெளியும்

ஆவடிக்கு வடக்கே அலமாதியில் மத்திய அரசின் கால்நடை இனப்பெருக்கப் பண்ணை முர்ரா எருமைகளை வளர்த்து வருகிறது. அதை அடுத்து மத்திய அரசின் மண்டலத் தீவன நிலையம் உள்ளது. தரமான தீவன விதை, புல் கரணை ஆகியவற்றை வழங்குவதோடு விவசாயிகளுக்கும் கால்நடைத் துறையினருக்கும் தீவன உற்பத்தியில் பயிற்சி அளிப்பது அதன் பணி.

ஏரிக்கரையிலும் அறுவடை முடிந்த வயலிலும் மேய்த்தே மாடு வளர்த்த வட்டாரம் இது. ஏரிகளைச் சுற்றி மனைகள் எழுந்து மேய்ச்சல் நிலம் சுருங்கியபோது மாட்டைக் கட்டித் தீனி போடும் முறைக்கு மாற வேண்டியதாயிற்று. அரை ஏக்கரில் கம்பு நேப்பியர் ஒட்டுப்புல், வேலிமசால், தீவன மக்காச்சோளம் என்று கலந்து பயிரிடுவது, புல்லை நறுக்கிக் கொடுப்பது, மிஞ்சியதை ஊறுகாய்ப்புல்லாகப் பதப்படுத்துவது ஆகியவை முன்னோர் அறியாத வேலைகள். மேய்ப்பவர் பயிர் செய்பவராக மாறியதே ஆவடி வட்டாரத்தில் நிகழ்ந்த பெரிய தொழில் மாற்றம் எனலாம். சொந்த நிலம் இல்லாதவர் இந்தப் பயிற்சியைப் பெற்றாலும் பயன்படுத்த வழியில்லை. நிலமற்ற மாட்டுக்காரரில் பலர் ஆலை, கட்டுமானம், ஓட்டுநர் வேலைகளுக்குச் சென்றனர்.

அலமாதியை ஒட்டிய கோடுவெளியில் தமிழ்நாடு கால்நடை மருத்துவ அறிவியல் பல்கலைக்கழகத்தின் உணவு மற்றும் பால்வளத் தொழில்நுட்பக் கல்லூரி இயங்குகிறது. 1989இல் தொடங்கப்பட்ட இப்பல்கலைக்கழகத்தின் தலைமையிடம் மாதவரம் பால்பண்ணையில் உள்ளது. கல்லூரியில் உணவுத் தொழில்நுட்பமும் பால்வளத் தொழில்நுட்பமும் பட்டப்படிப்புகளாகக் கற்பிக்கப்படுகின்றன. பெங்களூருக்கும் கர்னாலுக்கும் சென்று கற்ற கல்வி இதன்மூலம் ஆவடியின் பக்கத்திலேயே கிடைத்தது.

கறப்பவர் பெண், கற்றவர் ஆண்

சாணம் அள்ளுவது, தீனி வைப்பது, கறப்பது, கன்று பார்ப்பது ஆகிய வேலைகளில் பெரும்பங்கு பெண்களுடையது. ஆனால் சங்க உறுப்பினர் அட்டை வீட்டு ஆணின் பெயரில் இருந்ததால் பயிற்சி அழைப்பும் அவருக்கே வந்தது. மடிநோய் தடுப்பு வகுப்பில் கணவர் அமர்ந்திருப்பார். மறுநாள் காலையில் மடியைத் தொடுபவர் மனைவி. 1986-87இல் மத்திய அரசு தொடங்கிய பெண்களுக்கான பயிற்சி மற்றும் வேலைவாய்ப்புத் திட்டம் இந்தக் குறையை ஓரளவு நிரப்பியது. பெண்களே உறுப்பினராகவும் நிர்வாகியாகவும் இருக்கும் பால் கூட்டுறவு சங்கங்கள் தமிழ்நாட்டில் தோன்றின.

தூய பால் உற்பத்திப் பயிற்சியின் பாடங்கள் எளியவை. கறக்கும் முன் மடியைக் கழுவித் துடைத்தல், முதல் பீச்சுப் பாலைத் தனிப் பாத்திரத்தில் விட்டுத் திரி தட்டுகிறதா என்று பார்த்தல், கட்டைவிரலை மடக்கி இழுக்காமல் முழுக்கையால் கறத்தல், பால் இறங்கிய சில நிமிடங்களுக்குள் கறவையை முடித்தல், கறந்தபின் காம்பைக் கிருமிநாசினியில் நனைத்தல் ஆகியவை அவை. இவற்றைக் கடைப்பிடித்தால் மடிநோய் குறையும், ஆலையில் பால் திரும்பாது. பல பத்தாண்டுப் பழக்கம் உள்ள கையை மாற்றுவதால் இப்பயிற்சி சொற்பொழிவாக நடந்தால் பயன் தருவதில்லை. தொழுவத்திலேயே, மாட்டின் பக்கத்திலேயே நடக்க வேண்டியிருந்தது.

மின்னணுக் காலமும் மறுபயிற்சியும்

அமிலச் சோதனையின் இடத்தை முதலில் மில்கோ டெஸ்டர் போன்ற கருவிகளும், பிறகு பால் பகுப்பாய்வுக் கருவிகளும் பிடித்தன. மின்னணுத் தராசு, பகுப்பாய்வுக் கருவி, கணினி ஆகிய மூன்றும் இணைந்த தானியங்கிப் பால் சேகரிப்பு முறையில் எடை, சத்து, விலை ஆகியவை சீட்டில் அச்சாகி உற்பத்தியாளர் கைக்கு வருகின்றன. கிராமத்திலேயே பாலைக் குளிர்விக்கும் தொகுப்புக் குளிர்விப்பான்களும் வந்தன. அமிலக் காயத்தின் அச்சம் நீங்கியது. எண்ணைப் படிப்பதில் இருந்த சந்தேகமும் குறைந்தது.

பரிசோதகரின் திறமை இதனால் தேவையற்றுப் போகவில்லை. கருவியை அவ்வப்போது சரிபார்க்காவிட்டால் அது எல்லோருக்கும் ஒரே தவறான எண்ணைச் சொல்லும். சரிபார்க்கத் தேவைப்படுவது பழைய கெர்பர் முறையே. அதை மறந்த சங்கத்தில் கருவி சொல்வதே இறுதி. கருவி இயக்கும் பயிற்சியோடு அதைச் சந்தேகிக்கும் பயிற்சியும் சேர்ந்தே தேவைப்படுவது இந்த மாற்றத்தின் பாடம்.

சான்றிதழ் முறையும் விரிந்தது. ஐ.டி.ஐ. பாடப்பிரிவுகளில் பால் மற்றும் பால்பொருள் டெக்னீசியன் இடம்பெற்றது. தேசியத் திறன் மேம்பாட்டு அமைப்பின்கீழ் வேளாண்மைத் திறன் குழுவும் உணவுத் தொழில் திறன் குழுவும் கறவை மாடு வளர்ப்பு முதல் பால் பதன இயந்திரம் இயக்குவது வரை தகுதி நிலைகளை வகுத்தன. உணவுப் பாதுகாப்பு ஆணையத்தின் பயிற்சித் திட்டம் 25 உணவுப் பணியாளருக்குக் குறைந்தது ஒரு பயிற்சி பெற்ற மேற்பார்வையாளர் என்ற அளவை வைத்தது. மைத்ரி என்ற திட்டத்தில் கிராம இளைஞர் மூன்று மாதப் பயிற்சி பெற்றுச் சினை ஊசி போடும் பணியில் இறங்குகின்றனர். நகரத்தில் தொழுவத்துப் பிள்ளைகள் கைவிட்ட தொழிலுக்கு இப்போது சான்றிதழோடு ஆள் எடுக்கப்படுகிறது.

ஓர் ஒப்பீடு: படைப் பால்பண்ணைகள்

மறுபயிற்சி யாருக்கு எளிதாகக் கிடைக்கிறது என்பதற்கு இந்தியப் படைப் பால்பண்ணைகளின் முடிவு எடுத்துக்காட்டு. முதல் பண்ணை 1889இல் அலகாபாத்தில் தொடங்கப்பட்டது. நாடெங்கும் இருந்த 39 பண்ணைகள் மூடப்பட்டு, 132 ஆண்டுகளுக்குப் பின் 2021 மார்ச் 31 அன்று இச்சேவை முறையாகக் கலைக்கப்பட்டது. பண்ணைகளின் ஊழியர்கள் பாதுகாப்பு அமைச்சகத்தின் பிற பிரிவுகளுக்கு மாற்றப்பட்டனர். அரசு வேலையின் பாதுகாப்பு அவர்களைத் தாங்கியது. நகரத்திலிருந்து வெளியேறிய மாட்டுக்காரருக்கோ புட்டி கழுவும் பகுதியின் தினக்கூலிக்கோ அத்தகைய மாற்று இடம் தானாக அமைந்துவிடவில்லை.

மதிப்பீடு

ஆவடி வட்டாரத்தின் எழுபதாண்டு வரலாற்றில் பயிற்சி பெரும்பாலும் புதிய இயந்திரத்தையோ புதிய நிறுவனத்தையோ தொடர்ந்து வந்தது. ஆலை வந்தபின் ஆலைப் பணியாளர் பயிற்சி, கூட்டுறவு வந்தபின் சங்கப் பணியாளர் பயிற்சி, கருவி வந்தபின் கருவிப் பயிற்சி என்ற வரிசை மாறவில்லை. புதிதாகச் சேர்ந்தவர் இதனால் பயனடைந்தார். அதே இயந்திரத்தால் வேலை இழந்தவர் எங்கே சென்றார் என்பது எந்தத் திட்டத்தின் கணக்கிலும் முதன்மை பெறவில்லை. விதிவிலக்காக அமைந்தவை இரண்டு: மேய்ப்பவரைத் தீவனப் பயிராளராக்க முயன்ற அலமாதியின் பணி, கறப்பவரையே உறுப்பினராக்கிய பெண்கள் சங்கங்கள். இரண்டிலும் பயிற்சி ஏற்கெனவே தொழிலில் இருந்தவரின் இடத்துக்குச் சென்றது. இந்தியா 1998 முதல் உலகின் மிகப்பெரிய பால் உற்பத்தி நாடாக இருந்து வருகிறது. அந்தப் பாலில் பெரும்பகுதி இன்றும் ஓரிரண்டு மாடு வைத்திருக்கும் வீடுகளிலிருந்தே வருகிறது.